காலுக்கும் இருக்கைக்கும் நடுவே ஒரு ரப்பர் வில்லை

அன்புள்ள ஐயா,

ஒஹையோ மாநிலம் கொலம்பஸில் வசிக்கிறேன். இங்கே ஒரு பழைய பள்ளிக்கூடத்தைக் காலிசெய்தபோது ஏலத்தில் நான்கு ஃபைபர்கிளாஸ் நாற்காலிகளை வாங்கினேன். கைப்பிடி இல்லாத வகை, கடல்பச்சை நிறம். வளைத்த குழாய்க் கால்கள். பக்கவாட்டில் கொக்கி போல ஒன்று நீட்டிக்கொண்டிருக்கிறது. அடியில் ஹெர்மன் மில்லர் என்ற அறைகலன் நிறுவனத்தின் பெயர் பதித்திருக்கிறது. சார்ல்ஸ், ரே ஈம்ஸ் என்ற அமெரிக்க வடிவமைப்பாளர் தம்பதி வடிவமைத்தது என்கிறார்கள். வீட்டுக்கு வந்த இரண்டாம் வாரமே ஒன்றில் கால் ஒருபக்கம் கழன்று, கறுப்பு ரப்பர் வில்லை ஒன்று இருக்கையிலிருந்து பிய்ந்து வந்துவிட்டது. துளை போட்டு போல்ட் மாட்டிவிடலாம் என்கிறார் நண்பர். செய்யலாமா?

இன்னொரு கேள்வி. 1950-களின் அமெரிக்கா என்றால் வால்துடுப்பு வைத்த கார், வருடத்துக்கு ஒரு மாடல், வாங்கு, தூக்கிப்போடு என்றுதான் படித்திருக்கிறேன். அதே நாட்டில் அதே காலத்தில் பிறந்த ஒரு நாற்காலி இத்தனை வருடம் பள்ளிப்பிள்ளைகளைத் தாங்கியிருக்கிறது. இது எப்படி? இல்லை, இதுவும் விளம்பரம் கட்டிய கதைதானா?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

துளை போடாதீர்கள். மற்றதெல்லாம் பிறகு.

உங்கள் நாற்காலியின் இருக்கை ஓடு ஏறக்குறைய 3 மில்லிமீட்டர் கனம்தான். ஒருவர் உட்கார்ந்து பின்னால் சாயும்போது அது வளைய வேண்டும். கீழே இருக்கும் எஃகுக் கால் வளையாது. வளைவதும் வளையாததும் சந்திக்கும் இடத்தில்தான் அந்த ரப்பர் வில்லை இருக்கிறது. ஓடு அசையும்போது வில்லை நசுங்கியும் இழுபட்டும் அந்த அசைவை வாங்கிக்கொள்கிறது. வில்லையின் அடிப்பரப்பு முழுவதும் ஓட்டோடு ஒட்டியிருப்பதால் பாரம் பரவலாகப் போகிறது. துளை போட்டு போல்ட்டை முறுக்கினால் அந்தப் பாரம் முழுக்கத் துளையின் விளிம்புக்கு வந்துவிடும். கண்ணாடி இழைகளையும் அங்கே அறுத்துவிட்டிருப்பீர்கள். சில மாதங்களில் துளையைச் சுற்றி நட்சத்திரம் போல விரிசல் ஓடும். அதன்பிறகு அந்த இருக்கையை யாராலும் பழையபடி ஆக்க முடியாது. வில்லை பிய்வது நோயே இல்லை. மாற்றக்கூடிய உறுப்பு தேய்ந்திருக்கிறது, அவ்வளவுதான்.

உங்கள் இரண்டாவது கேள்விக்கும் இந்த வில்லையிலிருந்தே பதில் சொல்லத் தோன்றுகிறது. இந்த நாற்காலியைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லாரும் அந்த வளைந்த ஓட்டைத்தான் புகழ்கிறார்கள். என் எண்ணத்தில் இதன் உண்மையான வடிவமைப்பு அடியில், கண்ணில் படாத இடத்தில் இருக்கிறது.

1940-இல் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் வீட்டு அறைகலன்களுக்காக ஒரு போட்டி அறிவித்தது. சார்ல்ஸ் ஈம்ஸும் கட்டடக் கலைஞர் ஈரோ சாரினெனும் சேர்ந்து ஒட்டுப்பலகையில் ஒரே துண்டான இருக்கை செய்து பரிசு வாங்கினார்கள். உடம்பின் வளைவுக்கு ஏற்ற இருக்கை என்றால் அது ஒரே சமயத்தில் இரண்டு திசையில் வளைய வேண்டும். தாளைச் சுருட்டிக் குழாய் ஆக்கலாம். அதே தாளைப் பந்தின்மேல் போர்த்தினால் மடிப்பு விழும் அல்லது கிழியும். சப்பாத்தி மாவு இழுபட்டுக் கொடுக்கும், மரத்தாள் கொடுக்காது. அந்த இருக்கைகளிலும் முதுகும் ஆசனமும் சேரும் வளைவில் பலகை பிளந்தது. பிளவை மறைக்க மேலே நுரையும் துணியும் போர்த்த வேண்டியிருந்தது. கைவேலை கூடியது, விலையும் கூடியது. மலிவான நாற்காலி என்ற எண்ணம் அங்கேயே அடிபட்டுப்போனது. காலை ஒட்டுவதற்கு கிரைஸ்லர் கார் நிறுவனத்தின் ரப்பர் ஒட்டுமுறை ஒன்றை எடுத்துக்கொள்ள நினைத்திருந்தார்கள். இரண்டாம் உலகப்போர் வந்து அதுவும் கிடைக்கவில்லை. ரப்பர் இணைப்பு என்ற யோசனையே கார்த் தொழிலிலிருந்து வந்தது என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

போர்க்காலத்தில் சார்ல்ஸும் ரே ஈம்ஸும் லாஸ் ஏஞ்சல்ஸில் கடற்படைக்காக ஒட்டுப்பலகையில் காலுக்கான சிம்பு செய்தார்கள். முறிந்த காலை அசையாமல் வைத்துக் கட்டும் அந்தச் சிம்பில் அங்கங்கே இடைவெளி விட்டிருந்தார்கள். பலகை பிளக்காமல் வளைய அந்த வெட்டுகளே இடம் கொடுத்தன. 1946-இல் வந்த அவர்களுடைய ஒட்டுப்பலகை நாற்காலியில் ஆசனம் தனி, முதுகு தனி. ஒரே துண்டாகச் செய்ய முடியாது என்பதை ஏற்றுக்கொண்ட வடிவம் அது. ரப்பர் வில்லை முதலில் நிலைபெற்றதும் அந்த நாற்காலிகளில்தான்.

ஒரே துண்டு ஆசை மட்டும் அவர்களை விடவில்லை. 1948-இல் அதே அருங்காட்சியகம் குறைந்த விலை அறைகலன்களுக்கு இன்னொரு போட்டி வைத்தது. காலம் அப்படி. போரிலிருந்து திரும்பிய லட்சக்கணக்கானவர்களுக்கு வீடு வேண்டியிருந்தது. நியூயார்க்குக்கு வெளியே லெவிட்டவுனில் 1947 தொடங்கி நான்கைந்து வருடத்தில் 17,000-க்கும் மேற்பட்ட வீடுகள் எழுந்தன. சிறிய அறைகள், இளம் தம்பதிகள், கையில் கொஞ்சம் பணம். பாட்டி வீட்டின் கனத்த சோபா அந்த அறைக்குள் போகாது. ஒரு கையால் தூக்கி நகர்த்தக்கூடிய பொருள் வேண்டும். ஈம்ஸ் குழு கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சல்ஸ் பொறியாளர்களோடு சேர்ந்து, கார்க் கதவைப் போலத் தகட்டை அச்சில் அழுத்தி இருக்கை செய்து காட்டி இரண்டாம் பரிசைப் பகிர்ந்துகொண்டது. தகடு உட்கார்ந்தால் சில்லென்று இருக்கும் என்பதற்காக மேலே நியோப்ரீன் என்ற செயற்கை ரப்பர் பூச்சு. ஆனால் செலவு இறங்கவில்லை.

விடை லாஸ் ஏஞ்சல்ஸுக்கு அருகே கார்டினா என்ற ஊரில் இருந்தது. அங்கே ஜெனித் பிளாஸ்டிக்ஸ் என்ற நிறுவனம் போரின்போது விமானங்களின் ரேடார் கூடுகளை ஃபைபர்கிளாஸில் செய்துகொண்டிருந்தது. உங்கள் ஓட்டை வெயிலுக்கு எதிரே பிடித்துப் பாருங்கள். உள்ளே நூல் நூலாக, வைக்கோல் சிதறினாற்போல இழைகள் தெரியும். இழைத் துண்டுகளை ஓட்டின் வடிவத்திலேயே செய்த சல்லடைமேல் காற்றால் உறிஞ்சிப் படியவைப்பார்கள். அது ஒரு மெத்தென்ற தொப்பி போல வரும். அதை ஹைட்ராலிக் பிரஸ்ஸின் கீழ் அச்சில் வைத்து, நிறம் கலந்த பாலியெஸ்டர் ரெசினை ஊற்றி, மேல் அச்சை இறக்கிச் சூட்டோடு அழுத்துவார்கள். சில நிமிடங்களில் ஓடு தயார். விளிம்பை வெட்டித் தேய்த்துவிட்டால் போதும். நிறம் பொருளுக்குள்ளேயே இருப்பதால் சாயம் உரியாது. தனியாக நுரையோ துணியோ தேவையில்லை. 1950-இல் கைப்பிடி வைத்த ஓடுகள் உற்பத்திக்கு வந்தன, அடுத்து உங்களுடையதைப் போன்ற கைப்பிடியில்லாத ஓடுகள். முதல் தொகுதியில் விளிம்புக்குப் பலம் போதாதோ என்று உள்ளே கயிறு வைத்து அழுத்தினார்கள். தேவையில்லை என்று தெரிந்ததும் எடுத்துவிட்டார்கள். கயிறு விளிம்பு உள்ளவற்றைச் சேகரிப்பாளர்கள் இன்று தேடி அலைகிறார்கள்.

செலவு முழுவதும் அந்த உலோக அச்சில்தான். ஓட்டுக்கு ஆகும் இழையும் ரெசினும் அதன் பக்கத்தில் சிறு தொகை. அச்சுக்குப் போட்ட பணத்தை எப்படித் திரும்ப எடுப்பது? கார்த் தொழிலின் ஊரான டெட்ராயிட் ஒரு வழி கண்டிருந்தது. அச்சை அடிக்கடி மாற்று, மேல்தகட்டின் உருவத்தை மாற்று, போன வருடத்துக் காரை வைத்திருப்பவருக்கு அது பழசாகத் தெரியட்டும். வால்துடுப்பு 1948 காடிலாக்கில் சிறு மேடாகத் தொடங்கி 1959-இல் உச்சத்துக்குப் போனது. அடியில் சட்டமும் எஞ்சினும் பல வருடம் பெரிதாக மாறாமல் இருக்கும். நீங்கள் படித்தது உண்மைதான். 1954-இல் புரூக்ஸ் ஸ்டீவன்ஸ் என்ற வடிவமைப்பாளர், தேவைப்படுவதற்குச் சற்று முன்பே சற்றுப் புதியதை வாங்கும் ஆசையை ஊட்டுவதே தொழில் என்று வெளிப்படையாகவே பேசினார்.

ஈம்ஸ் நாற்காலி அதே பிரஸ், அதே அச்சுக் கணக்கை எடுத்துத் தலைகீழாகப் போட்டது. காரில் மேல்தோல் மாறியது, அடிப்பாகம் நின்றது. இங்கே ஓடு நின்றது, கால் மாறியது. ஓட்டின் அடியில் நான்கு வில்லைகள். அவற்றில் பல வகைக் கால்களைத் திருகலாம். மெல்லிய கம்பிகளைப் பின்னிய கால் வைத்தால் சாப்பாட்டு மேசை நாற்காலி. மரச்சறுக்குகள் வைத்தால் ஆடும் நாற்காலி. மரக்கால் உண்டு, சுழலும் கால் உண்டு. 1955-இல் உங்களிடம் இருக்கும் அடுக்கும் வகை வந்தது. நீங்கள் சொன்ன கொக்கி பக்கத்து நாற்காலியோடு மாட்டி வரிசை அமைக்க. பள்ளிகளும் அரங்குகளும் இதை ஆயிரக்கணக்கில் வாங்கியதற்கு அந்தக் கொக்கியும் ஒன்றன்மேல் ஒன்று அடுக்கும் வசதியும்தான் காரணம். அடுத்த பத்தாண்டில் ஒரே உத்தரத்தில் பல ஓடுகளைப் பொருத்திக் காத்திருப்பு அறைகளுக்குக் கொடுத்தார்கள். ஓடு ஒன்றுதான். புதிய தேவை வந்தபோதெல்லாம் புதிய கால் பிறந்தது, பழைய நாற்காலி பழசாகவில்லை.

இதை விளம்பரக் கதை என்று ஒதுக்க என்னால் முடியவில்லை. விளம்பரம் இருந்தது, நிறைய இருந்தது. 1959-இல் மாஸ்கோவில் நடந்த அமெரிக்கப் பொருட்காட்சியில் அமெரிக்க வாழ்க்கையை ஏழு பெரிய திரைகளில் ஒரே நேரத்தில் காட்டிய படம் ஈம்ஸ் தம்பதி செய்ததுதான். நுகர்வுப் பண்பாட்டுக்கு வெளியே நின்றவர்கள் அல்லர். ஆனால் ஒரு பொருளை அவர்கள் அணுகிய முறை வேறு. 1958-இல் இந்திய அரசுக்கு அவர்கள் கொடுத்த அறிக்கையில் நம் தண்ணீர்ச் செம்பைப் பற்றிய பகுதி புகழ்பெற்றது. எவ்வளவு தண்ணீர் கொள்ள வேண்டும், தூக்கும் கை எவ்வளவு பெரியது, இடுப்பிலா தலையிலா கையிலா எடுத்துப்போவது, நிறைந்திருக்கும்போதும் காலியாகும்போதும் எடை எங்கே நிற்கும் என்று கேள்வி கேள்வியாக அடுக்கியிருப்பார்கள். அகமதாபாத்தின் தேசிய வடிவமைப்புக் கழகம் அந்த அறிக்கையின் வழியே 1961-இல் வந்தது. ஏழைக் குடும்பமும் வாங்கட்டும் என்று செய்த நாற்காலி இன்று பழம்பொருள் கடைகளில் எட்டாத விலைக்குப் போவது எனக்கு வருத்தமே. பள்ளி ஏலத்தில் நீங்கள் நான்கை எடுத்ததில் அந்த வகையில் மகிழ்ச்சி.

இனி வேலை. கழன்ற நாற்காலியில் நான்கு வில்லைகளையும் மாற்றுங்கள். எல்லாம் ஒரே வயது. ரப்பர் காற்றில் வருடக்கணக்கில் இறுகி மரக்கட்டை போலாகிவிட்டது. அது நசுங்காதபோது அசைவெல்லாம் ஒட்டிய பசைக்குப் போய், பசை விட்டுவிடுகிறது. முன்னங்காலைத் தூக்கிப் பின்னால் ஆடுபவர்கள் அதை விரைவுபடுத்துவார்கள்.

காலைக் கழற்றிவிட்டு, ஒட்டியிருக்கும் பழைய வில்லைகளின் ஓரத்தில் அகன்ற மழுங்கல் உளியைப் படுக்கையாக வைத்து மெல்லத் தட்டுங்கள். நெம்பினால் மேல்படலம் இழையோடு உரிந்து வரும். மிச்சப் பசையை 80 எண் உப்புத்தாளில் தண்ணீர் தொட்டுத் தேயுங்கள். கண்ணாடித் தூசு நுரையீரலுக்கு ஆகாது, முகமூடி கட்டாயம். இழை வெளியே தெரியத் தொடங்கினால் நிறுத்திவிடுங்கள். காய்ந்தபின் ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் துடைத்து, அந்த இடத்தை விரலால் தொடாமல் விடுங்கள். விரல் எண்ணெய் போதும், பசை பிடிக்காமல் போக.

புதிய வில்லைகளை முதலில் காலிலேயே தளர்வாகத் திருகிக்கொள்ளுங்கள். தனித்தனியாக ஓட்டில் ஒட்டினால் பிறகு கால் துளைகள் பொருந்தாது. இதில்தான் பலர் தவறுகிறார்கள். ஓட்டைப் போர்வைமேல் கவிழ்த்து, மெதுவாக இறுகும் இருகூட்டு எபாக்சிப் பசையை வில்லைகளின் அடியில் ஓரத்தில் சற்றுப் பிதுங்கும் அளவுக்குத் தடவி, காலோடு சேர்த்து வையுங்கள். ஐந்து நிமிட எபாக்சி வேண்டாம், இறுகியபின் நொறுங்கும் தன்மை அதற்கு அதிகம். திருகாணிகளில் கொஞ்சம் மெழுகு பூசிவிட்டால் பசை மரைக்குள் போனாலும் கழற்றலாம். மேலே இரண்டு புத்தகம் அளவு பாரம் போதும். பலமாக இறுக்கினால் பசை எல்லாம் வெளியேறி உலர்ந்த ஒட்டு மிஞ்சும். 24 மணி நேரம் வீட்டுக்குள் வையுங்கள். உங்கள் ஊர்க் குளிரில் கராஜில் வைத்தால் எபாக்சி இறுகாது.

திருகாணி பெரும்பாலும் கால் அங்குல விட்டம், அங்குலத்துக்கு 20 மரை. 6 மில்லிமீட்டர் ஆணி பார்க்க அப்படியே இருக்கும், இரண்டு சுற்று போகும், பிறகு மரையை அழிக்கும். நீளத்தையும் பாருங்கள். வில்லையின் குழிக்குள் தீக்குச்சி விட்டு ஆழத்தை அளந்துகொள்ளுங்கள். ஆணி நீண்டால் அடியில் முட்டி வில்லையை உள்ளிருந்தே பெயர்க்கும், அல்லது ஆசனத்தில் மேடு தட்டும்.

ஓட்டின்மேல் இழைகள் எழும்பி உடையில் குத்தினால், 600 எண் நீர்த்தாளில் லேசாகத் தேய்த்து மெழுகு பூசுங்கள். பெயின்ட் வேண்டாம். அந்த இழைகள் தெரிவதுதான் அழகு.

மற்ற மூன்றையும் இன்றே கவிழ்த்து ஒவ்வொரு வில்லையையும் நகத்தால் அழுத்திப் பாருங்கள். நகம் பதிந்து திரும்பினால் விட்டுவிடலாம். கல் போல இருந்தாலோ ஓரத்தில் மயிரிழை இடைவெளி தெரிந்தாலோ, யாரும் உட்காரும் முன் அவற்றையும் மாற்றிவிடுங்கள்.