இப்படியும் ஒரு தாயா? – கடிதம்

அன்புள்ள அண்ணா,

போன கிழமை பிள்ளைகளோடு யானை சீல் என்ற கடல் விலங்கு பற்றிய காணொளி ஒன்று பார்த்தேன். கலிபோர்னியாக் கடற்கரை. ஒரு மாதம் பால் கொடுத்த தாய், குட்டியைக் கரையிலேயே விட்டுவிட்டுக் கடலுக்குள் இறங்கிப் போகிறது, அதைத் தேடித் திரும்பி வராதாம். சின்ன மகள் சோறு தின்னாமல் அழுதாள். எனக்கும் கோபம்தான். இப்படியும் ஒரு தாயா? மற்றது, இது யானைக்குச் சொந்தமா?

ஒரு வாசகி, களுவாஞ்சிக்குடி

அன்புள்ள தங்கச்சி,

கோபம் விளங்குகிறது, ஆனால் அந்தத் தாய்க்காக நான் கொஞ்சம் வாதாடத்தான் வேண்டும். காணொளிக்காரர்கள் கடைசி நாளைத்தான் சோக இசை போட்டுக் காட்டுவார்கள். அதற்கு முந்திய நாட்களில் அவள் ஒரு வாய் இரை தின்னவில்லை, தண்ணீர்கூடக் குடிக்கவில்லை என்று சொன்னார்களா? கரையேறி ஒரு கிழமைக்குள் குட்டி போட்டு, ஏறத்தாழ 28 நாள் பால் கொடுக்கிறாள், அத்தனையும் தன் உடம்புக் கொழுப்பை உருக்கித்தான். நம் மட்டக்களப்புத் தயிருக்குப் போகும் எருமைப்பாலில் 7, 8 சதவீதக் கொழுப்புக்கே சட்டியில் அப்படிக் கட்டியாக உறைகிறது. சீல் பாலிலோ பிந்திய நாட்களில் கொழுப்பு 50 சதவீதத்தைத் தாண்டும். 35 கிலோ அளவில் பிறந்த குட்டி ஒரு மாதத்தில் 130 கிலோவுக்குப் போய், கழுத்தே தெரியாமல் உருண்டு கிடக்கும். தாய் தன் எடையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் இழந்திருப்பாள். அதற்கு மேலும் நின்றால் கொடுக்க அவளிடம் என்ன மிச்சம்?

போகிற இடத்திலும் சுகமில்லை. வட பசிபிக்கில் தனியாக, இரவு பகலாகச் சுழியோடி இரை தேட வேண்டும். ஒரு தடவை இறங்கினால் இருபது நிமிடத்துக்கும் மேல், பிறகு மேலே வந்து மூச்செடுக்க இரண்டு மூன்று நிமிடம், அவ்வளவுதான். தலையில் கருவி பொருத்தி மூளை அலைகளைப் பதிவு செய்த ஆய்வு ஒன்று 2023இல் வந்தது: கடலில் இருக்கும்போது நாளுக்கு இரண்டு மணித்தியாலம்தான் தூக்கமாம். அதையும் சுறாவும் கொலைகாரத் திமிங்கிலமும் திரியும் மேல்நீரைத் தாண்டி ஆழத்துக்குப் போய், மல்லாந்து, சுற்றிச் சுற்றிக் கீழே இறங்கிக்கொண்டே, ஒரு தடவைக்குப் பத்து நிமிடத்துக்கும் குறைவாகத் தூங்கி எடுக்கிறாள். இதற்கிடையில் கரையை விடுமுன்பே அடுத்த குட்டிக்கான கருவும் உண்டாகியிருக்கும், மாதக்கணக்கில் வளராமல் அப்படியே நிற்கும்.

மகளிடம் இதைச் சொல்லுங்கள்: விடுபட்ட குட்டிகள் கூட்டமாகத்தான் கிடக்கும், இரண்டு மாதத்துக்கு மேல் சேர்த்த கொழுப்பிலேயே பிழைத்து, கரையோரத் தண்ணீரில் தாமாகவே நீந்தவும் மூச்சடக்கவும் பழகும். சில கள்ளக் குட்டிகள் வேறு தாய்களிடம் போய்ப் பால் திருடி இன்னும் கொழுக்கும், அதைக் கேட்டால் சிரிப்பாள். முதல் பயணத்திலிருந்து நிறையக் குட்டிகள் திரும்புவதில்லை, அது இப்போதைக்கு வேண்டாம்.

யானைக்குச் சொந்தமில்லை. ஆணின் தொங்கு மூக்கையும் உடம்பையும் பார்த்து வைத்த பெயர் அது. சீலுக்கு நாயும் கரடியும்தான் கிட்டின உறவு. கடலில் யானைக்குச் சொந்தம் தேடினால் மன்னார்ப் பக்கத்துக் கடற்பசுதான், அம்பாறையில் வயலுக்குள் இறங்கும் யானைக்கு அது தூரத்து மச்சாள் முறை என்று வைத்துக்கொள்ளலாம்.