லேயில் போன் அணைகிறதா? புதிது வாங்க அவசரப்படாதீர்கள்

குடியாத்தம் அண்ணா, லடாக்கின் லே நகரில் வேலை பார்க்கும் மகனின் போன் 40 சதவீதத்திலேயே அணைந்துவிடுகிறது, புதிது வாங்கி அனுப்பலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். கொஞ்சம் பொறுங்கள். எங்கள் வேலூர் மாவட்டக் கம்மவான்பேட்டைப் பக்கம் பட்டாளத்துப் பிள்ளைகள் அதிகம், இந்தப் புகார் பழகிப்போன ஒன்று.

ஜனவரியில் லேயில் இரவு மைனஸ் 15 டிகிரி வரை இறங்குவது சாதாரணம். அந்தக் குளிரில் லித்தியம் பேட்டரிக்குள் வேதிவினை மந்தமாகி, மின்னழுத்தம் சட்டென்று சரியும். சார்ஜ் இருக்கும்போதே போன் படுத்துவிடும். சூடு ஏறியபின் ஆன் செய்தால் மறுபடி எழுந்துகொள்ளும். அதனால் போனை ஜாக்கெட்டின் வெளிப்பையில் வைக்காமல், உடம்பை ஒட்டிய உள்பையில் வைக்கச் சொல்லுங்கள். முக்கியமாக, சில்லிட்ட போனை உடனே சார்ஜில் போடக் கூடாது. பூஜ்ஜியம் டிகிரி குளிருக்குக் கீழே சார்ஜ் ஏற்றினால்தான் பேட்டரி நிஜமாகவே கெடும். அடுப்புப் பக்கத்தில் வைத்தும் காய்ச்ச வேண்டாம், உள்ளே ஈரம் கோத்துக்கொள்ளும். அறைச் சூட்டில் அரை மணி நேரம் கிடந்தால் போதும்.

அப்புறம், மகனுக்கு அனுப்பும் தேங்காய் எண்ணெய். மார்கழியில் வேலூரிலேயே உறைகிற சாமான் அது, 24 டிகிரிக்குக் கீழே போனாலே கட்டியாகும். வாய் குறுகிய பாட்டிலில் அனுப்பினால் குச்சிவிட்டுக் குடைய வேண்டியதுதான். அகல வாய் டப்பாவில் அனுப்புங்கள்.

போனைவிட எனக்குக் கவலை வேறு: அறையில் புகாரி (அறையைச் சூடாக்க எரிக்கும் அடுப்பு) வைத்திருந்தால், கதவு ஜன்னலை முழுக்க அடைத்துவிட்டுத் தூங்க வேண்டாம் என்று இன்றைக்கே சொல்லிவிடுங்கள். அடுப்பிலிருந்து வரும் கார்பன் மோனாக்சைடு என்ற விஷவாயுவுக்கு வாசனையே கிடையாது.