குறிஞ்சி என்ற பெயருக்கு என்ன பொருள்?
மகளுக்குக் குறிஞ்சி என்று பெயர் வைக்கலாமா, பொருள் என்ன என்று கேட்டிருக்கிறீர்கள். தாராளமாக வையுங்கள், அருமையான பெயர்.

நீலகிரி, கொடைக்கானல் மலைச்சரிவுகளில் 12 ஆண்டுக்கு ஒருமுறை கூட்டமாகப் பூக்கும் பூ அது. 2006இல் பூத்தது, அப்புறம் 2018இல். தனிப் பூ சின்ன மணி மாதிரி, வெளிர் ஊதாவாக இருக்கும். சரிவு முழுக்கப் பூத்தால் மலையே நீலம்!

சங்க இலக்கியத்தில் மலை நிலத்துக்கும், காதலர் கூடும் திணைக்கும் இந்தப் பூவின் பெயர்தான். குறுந்தொகை 3ஆம் பாடலில், கருங்காம்புக் குறிஞ்சிப் பூவிலிருந்து தேன் சேரும் மலைநாட்டுக்காரன் மேல் கொண்ட நட்பு நிலத்தைவிடப் பெரிது, வானைவிட உயர்ந்தது, நீரைவிட ஆழமானது என்கிறாள் தலைவி. குறிஞ்சி ஒரு பண்ணின் பெயரும்கூட. கொடைக்கானலில் முருகனே குறிஞ்சி ஆண்டவர்தான்.