கண் லேசருக்கு யார் காசு தருவது?

கண் சத்திரசிகிச்சைக்கு வருகிறவர்களின் காப்புறுதிப் பத்திரங்களைப் பார்த்து, படிவம் நிரப்பிக் கொடுப்பது என் வேலை. கண்ணாடியைக் கழற்ற லாசிக் போன்ற லேசர் சிகிச்சை செய்தால் காப்புறுதி கைகொடுக்குமா என்று நம் மலையகத்துப் பிள்ளைகளும் பெற்றோரும் கேட்டவற்றுக்கு இங்கே பதில் தருகிறேன். நான் டொக்டர் இல்லை. உங்கள் கண்ணுக்கு எது பொருந்தும் என்பதைக் கண் வைத்தியர்தான் பரிசோதித்துச் சொல்ல வேண்டும்.

ஹட்டன், தனியார் வங்கி ஊழியர்: அக்கா, எனக்கு வயது 26, இரண்டு கண்ணிலும் மைனஸ் மூன்றரை. வேலை செய்யும் இடத்தில் மெடிக்கல் காப்புறுதி இருக்கிறது. லாசிக் செய்தால் காசு வருமா?

பெரும்பாலும் வராது தங்கச்சி. கிட்டப்பார்வையைக் கண்ணாடி போட்டே சமாளிக்கலாம் என்பதால், அதை லேசரால் திருத்துவதை விருப்பத்தின் பேரில் செய்துகொள்ளும் சிகிச்சை என்றுதான் காப்புறுதி நிறுவனங்கள் எடுத்துக்கொள்கின்றன. அநேகமான பொலிசிகளில் அது விலக்குப் பட்டியலில், அதாவது காசு தராதவற்றின் பட்டியலில், இருக்கும். கடைசிப் பக்கங்களில் பொடி எழுத்தில் பல் அலங்காரம், கொஸ்மெடிக் சிகிச்சை என்று வருமே, அதற்குப் பக்கத்தில் தேடிப் பாருங்கள்.

ஆனாலும் "பெரும்பாலும்" என்று சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. வேலை செய்யும் இடம் ஊழியர்களுக்கு மொத்தமாக எடுத்துக் கொடுக்கும் குழுக் காப்புறுதியில், என்னென்ன சேர வேண்டும் என்பதை முதலாளியும் காப்புறுதி நிறுவனமும் பேசித்தான் முடிவு செய்கிறார்கள். சில இடங்களில் மூக்குக்கண்ணாடிக்கு ஒரு தொகை ஒதுக்கியிருப்பார்கள். அந்தத் தொகையை லேசருக்கும் பயன்படுத்தலாமா என்று மனிதவளப் பிரிவில் கேளுங்கள். வாயால் கேட்டு வாயால் பதில் வாங்க வேண்டாம். ஒரு மின்னஞ்சல் போடுங்கள், இப்படி: "எனது பொலிசி இலக்கத்தின் கீழ், பார்வைக் குறைபாட்டைத் திருத்தும் லேசர் சத்திரசிகிச்சைக்குக் கொடுப்பனவு உண்டா? உண்டென்றால் உச்சத் தொகை எவ்வளவு? இல்லையென்றால் எந்த விலக்கு வாசகத்தின் கீழ்?" அந்தக் கடைசிக் கேள்வியை விட்டுவிடாதீர்கள். அதைக் கேட்டால்தான் பதில் எழுதுகிறவர் பத்திரத்தைத் திறந்து பார்ப்பார்.

இன்னொன்று. ஆயுள் காப்புறுதியோடு சேர்த்து விற்கும் "வைத்தியசாலையில் தங்கினால் நாளுக்கு இவ்வளவு" என்ற திட்டத்தை நம்பி இறங்க வேண்டாம். லாசிக் செய்துவிட்டு அன்றைக்கே வைத்தியசாலையிலிருந்து அனுப்பிவிடுவார்கள். இரவு தங்காவிட்டால் அந்தத் திட்டத்தில் கணக்கே தொடங்காது.

பண்டாரவளை: தம்பிக்கு மைனஸ் 8. ஏழரைக்கு மேல் இருந்தால் காப்புறுதி கட்டாயம் தர வேண்டும் என்று ஒரு வீடியோவில் சொன்னார்களே?

அது இந்தியக் கதை. அங்கே காப்புறுதி ஒழுங்குமுறை ஆணையம் வைத்திருக்கும் பொது விலக்குகளில், 7.5 டயொப்டருக்கு (கண்ணாடிப் பவரை அளக்கும் அலகு) குறைந்த பார்வைக் குறைபாட்டைத் திருத்தும் செலவு ஒன்று. அதற்கு மேல் இருந்தால் அந்த விலக்கு பொருந்தாது, அவ்வளவுதான். மற்ற நிபந்தனைகள் எல்லாம் அப்படியே நிற்கும். தமிழில் பேசுகிறார்கள் என்பதற்காக நம் ஊர் பொலிசிக்கும் அதுதான் சட்டம் என்று எடுத்துக்கொள்ள முடியாது. இங்கே உங்கள் பத்திரத்தில் எழுதியிருப்பதுதான் செல்லும்.

காசுக்கு முன்னால் தம்பியின் கண்ணைப் பார்ப்போம். கோர்னியா என்கிற முன்படலத்தைச் செதுக்கித்தான் பவரைக் குறைக்கிறார்கள். சராசரித் தடிப்பு 540 மைக்ரோன் (ஒரு மைக்ரோன் என்பது மில்லிமீற்றரில் ஆயிரத்தில் ஒரு பங்கு) அளவில் இருக்கும். லாசிக்கில் மேலே தூக்கும் மடிப்புக்கு 100 முதல் 120 வரை போகும். ஒரு டயொப்டருக்கு ஏறக்குறைய 15 என்று வைத்தால் எட்டுக்கு 120. அடியில் 250 முதல் 300 மைக்ரோனாவது மிஞ்ச வேண்டும் என்று பார்ப்பார்கள். 540 உள்ளவருக்குக் கணக்கு ஒருவாறு வரும், 490 உள்ளவருக்கு இடிக்கும். அப்போது கண்ணுக்குள் லென்ஸ் பதிக்கும் ஐசிஎல் முறையைப் பேசுவார்கள். அதற்குச் செலவு இன்னும் கூட. அதனால் முதலில் பரிசோதனைக்கு மட்டும் காசு ஒதுக்குங்கள். தடிப்பும் கோர்னியாவின் வரைபடமும் வந்த பிறகு மீதியைப் பற்றி யோசிக்கலாம். கோர்னியா கூம்பாகிற கெரட்டோகோனஸ் என்று தெரிந்தால் லாசிக் பேச்சையே விட்டுவிட வேண்டும்.

நுவரெலியா, ஆசிரியை: எனக்கு அக்ரஹார இருக்கிறது. அதில் எடுக்கலாமா?

தேசிய காப்புறுதி நம்பிக்கை நிதியம் அரச ஊழியர்களுக்காக நடத்தும் மருத்துவக் காப்புறுதியான அக்ரஹாரவில் மூக்குக்கண்ணாடிக்குக் கொடுப்பனவு உண்டு டீச்சர். நிறையப் பேர் அதைக்கூட எடுக்காமல் விடுகிறார்கள். லேசருக்கு என்று நினைத்து முற்பணம் கட்டிவிடாதீர்கள். நீங்கள் இருக்கும் திட்டம் எது என்பதைச் சம்பளச் சீட்டில் பார்த்து, மேலே சொன்ன மாதிரி எழுத்தில் கேளுங்கள்.

உங்கள் ஊருக்கென்று ஒரு விஷயம். நுவரெலியா கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,868 மீற்றர் உயரம். உயரம் கூடக் கூடப் புற ஊதாக் கதிர் கூடும், மூடுபனி இருந்தாலும் அது முழுக்க மறையாது. மடிப்பு வெட்டாமல் மேற்பரப்பில் செய்யும் பிஆர்கே முறை என்றால் சில மாதங்களுக்கு வெயில் கண்ணாடியை விடக் கூடாது என்பார்கள். குளிரில் யார் கறுப்புக் கண்ணாடி போடுவார்கள் என்று சிரிக்க வேண்டாம்.

மஸ்கெலியா: அம்மா தோட்டத்தில் கொழுந்து பறிக்கிறார். கண் மங்கலாகிவிட்டது, லேசர் பண்ணச் சொல்கிறார்கள். நமக்கு ஏது அவ்வளவு காசு?

இந்தக் கேள்விக்குத்தான் நான் நேரம் எடுத்துப் பதில் சொல்ல வேண்டும். ஊரில் கண்ணுக்கு எது செய்தாலும் "லேசர்" என்றே சொல்லிப் பழகிவிட்டோம். அம்மாவுக்கு வந்திருப்பது கண்புரையாக இருந்தால் அது வேறு சிகிச்சை. மங்கிப்போன வில்லையை எடுத்துவிட்டுச் செயற்கை லென்ஸ் வைப்பார்கள். அதற்குப் பயன்படுத்துவது பெரும்பாலும் ஒலி அலை, லேசர் இல்லை. அது நோய்க்கான சிகிச்சை என்பதால் காப்புறுதியும் அதை வேறு கண்ணால் பார்க்கும். புதிதாக எடுத்த பொலிசி என்றால் கண்புரைக்குக் காத்திருப்புக் காலம், அதாவது காசு தராத தொடக்கக் காலம், இருக்கலாம், அதையும் கவனிக்க வேண்டும்.

அம்மாவிடம் பொலிசி இல்லாவிட்டாலும் பரவாயில்லை. அரசாங்க வைத்தியசாலையில் கண்புரைச் சத்திரசிகிச்சை இலவசம். கிட்ட உள்ள வைத்தியசாலையில் காட்டி, கண் கிளினிக்குக்குக் கடிதம் வாங்குங்கள். கண்டி தேசிய வைத்தியசாலைக்கோ கொழும்பில் உள்ள தேசிய கண் வைத்தியசாலைக்கோ அனுப்பினால் காத்திருக்க வேண்டி வரும், ஆனால் நடக்கும்.

சில நேரம் லென்ஸை மட்டும் வெளியில் வாங்கச் சொல்வார்கள். அப்போது கடைக்காரர் தரும் பற்றுச்சீட்டையும், லென்ஸ் பெட்டியில் ஒட்டியிருக்கும் இலக்கம் போட்ட சீட்டையும் பத்திரப்படுத்துங்கள். அம்மா இன்னும் செக்ரோலில், அதாவது தோட்டத்தின் தொழிலாளர் பதிவில், இருந்தால் தோட்டம் அவர் பெயரில் ஊழியர் நம்பிக்கை நிதியத்துக்கு (ஈடிஎஃப்) சம்பளத்தில் 3 வீதம் கட்ட வேண்டும். அந்த நிதியத்தில் உறுப்பினரின் கண்ணுக்குள் லென்ஸ் வைக்கும் செலவுக்கு ஒரு கொடுப்பனவு இருக்கிறது. ஈடிஎஃப் என்றால் வேலையை விட்டுப் போகும்போது எடுக்கும் காசு என்றுதான் தோட்டத்தில் பலருக்குத் தெரியும், இது தெரியாது. தோட்ட ஒபிசில் போய் உறுப்பினர் இலக்கத்தைக் கேட்டு, சத்திரசிகிச்சைக்கு முன்பே படிவத்தை எடுத்து வையுங்கள். என்னென்ன பத்திரம் வேண்டும் என்று அதிலேயே இருக்கும்.

உண்மையான லேசரும் உண்டு. சீனி வருத்தம் விழித்திரையைப் பிடித்தால் அடிப்பது ஒன்று. கண்புரை எடுத்து மாதங்களோ வருடங்களோ கழித்து, லென்ஸுக்குப் பின்னால் உள்ள சவ்வு மங்கினால் சில நிமிடத்தில் செய்யும் யாக் லேசர் இன்னொன்று. இரண்டும் பார்வையைக் காப்பாற்றும் சிகிச்சை. "கண்ணாடியைக் கழற்றுகிற லேசர்" பட்டியலில் இவற்றைச் சேர்த்து யாராவது மறுத்தால் விடாதீர்கள், நோயின் பெயரைத் தெளிவாக எழுதித் தரும்படி டொக்டரிடம் கேளுங்கள்.

தலவாக்கலை, தகப்பன்: மகளுக்கு 17. பொம்பளைப் பிள்ளை கண்ணாடி போட்டிருந்தால் நாளைக்கு வரன் வரும்போது பேசுவார்கள். இப்போதே செய்துவிடலாமா?

இப்போது வேண்டாம் ஐயா. பதினெட்டு ஆக வேண்டும், அதோடு ஒரு வருடமாவது பவர் மாறாமல் நிற்க வேண்டும். ஏறிக்கொண்டிருக்கும் பவரைச் செதுக்கினால் இரண்டு வருடத்தில் திரும்பவும் கண்ணாடி வந்து நிற்கும், காசும் போயிருக்கும்.

கேட்காமலே ஒன்று சொல்கிறேன், கோபிக்க வேண்டாம். கண்ணாடியைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போகிற மாப்பிள்ளை வீடு போகட்டும். பிள்ளை உயர்தரம் எழுதப் போகிறாள் என்றால் அந்தக் காசு அவளுடைய படிப்புக்கு ஆகும். பிறகு அவளே உழைத்து, அவளே ஆசைப்பட்டுச் செய்தால் அது வேறு கதை.

பதுளை: எங்களுக்குத் தெரிந்த ஒருவர், பில்லில் கண்புரை என்று போட்டு வாங்கினால் காப்புறுதி தரும் என்கிறார். செய்யலாமா?

கூடாது. அது மோசடி, பிடிபடாத மோசடியும் இல்லை. கண்புரைக்குக் கோரிக்கை வந்தால் லென்ஸ் சீட்டைக் கேட்பார்கள், கண்ணின் நீளம் அளந்த ரிப்போர்ட்டைக் கேட்பார்கள். 28 வயதுக்காரருக்கு இரண்டு கண்ணிலும் கண்புரை என்றால் படிவத்தைத் தொடும் முதல் ஆளே நிமிர்ந்து பார்ப்பார். பொலிசியே ரத்தாகலாம். பொலிசி எடுக்கும்போது "கண்ணாடி போடுவதை எழுத வேண்டாம்" என்று முகவர் சொன்னாலும் இதே பதில்தான்.

புசல்லாவை: சரி, காப்புறுதி இல்லை. சீட்டு, நகை அடகு, நுண்கடன், ஈபிஎஃப், எதில் எடுக்கலாம்?

நுண்கடன் வேண்டவே வேண்டாம். வாரா வாரம் வாசலில் வந்து நிற்கும் கடனால் நம் லயன்களில் நடந்ததை நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. ஈபிஎஃப் என்கிற ஊழியர் சேமலாப நிதியத்தில் 2012 சட்டத் திருத்தத்துக்குப் பிறகு வீட்டுக்கும் மருத்துவத்துக்கும் 30 வீதம் வரை முன்கூட்டியே எடுக்க வழி இருக்கிறது. ஆனால் அதற்கு நிபந்தனைகள் உண்டு, கண்ணாடியைக் கழற்றுவதற்காக அந்தக் காசில் கைவைப்பது என் கணக்கில் சரியில்லை. நம்பிக்கையான ஆட்கள் சேர்ந்து போடும் சீட்டு நல்ல வழி. பவர் நிலைக்கட்டும் என்று எப்படியும் ஒரு வருடம் காத்திருக்கத்தானே வேண்டும், அந்த வருடத்திலேயே கட்டி முடிக்கலாம்.

கிரெடிட் கார்ட்டில் வட்டியில்லாத் தவணை என்றால் கையாளும் கட்டணம் எவ்வளவு என்று கேளுங்கள். விலை கேட்கும்போது, சொல்வது ஒரு கண்ணுக்கா இரண்டுக்குமா, பரிசோதனையும் சொட்டு மருந்தும் சேர்த்தா, பவர் கொஞ்சம் மிச்சம் நின்றால் மறுபடி செய்வது இலவசமா என்று கேட்டு எழுதி வாங்குங்கள். வேன் வாடகை, கூட வருகிறவரின் நாள் சம்பளம், அடுத்த நாள் பரிசோதனைக்காகக் கொழும்பில் ஓர் இரவு என்று எந்த விலைப்பட்டியலிலும் வராத செலவும் உண்டு.

கினிகத்தேனை, லொறிச் சாரதி: வயது 43. இரவு ஓட்டம் அதிகம். செய்தால் கண்ணாடி முழுக்கப் போய்விடுமா?

தூரத்துக்குப் போகலாம். பில் வாசிக்க வெள்ளெழுத்துக் கண்ணாடி வரும், அந்த வயதில் அது லேசரால் நிற்காது. அதைவிட, சிலருக்குச் சில மாதங்களுக்கு இரவில் விளக்கைச் சுற்றி வளையம் தெரியும், கண் உலரும். மூடுபனியில் ஹட்டன் வீதியின் வளைவுகளில் எதிரே வரும் பஸ்ஸின் விளக்கு எப்படித் தெரியும் என்று உங்களுக்கே தெரியும். தொழிலை டொக்டரிடம் முதலிலேயே சொல்லுங்கள், இரவில் கண்மணி எவ்வளவு விரிகிறது என்பதையும் பார்ப்பார்கள். தேறும் வரை பகல் ஓட்டம் கிடைக்குமா என்று முதலாளியிடம் பேசி வையுங்கள்.

இரத்தோட்டை: மதுரைக்குப் போனால் மலிவு என்கிறார்கள்?

1976இல் தொடங்கிய அரவிந்த் கண் மருத்துவமனை அங்கேதான் இருக்கிறது, நல்ல பெயர். ஆனால் விமானச் சீட்டு, மருத்துவ விசா, தங்கும் செலவு எல்லாம் கூட்டிப் பாருங்கள். அடுத்த நாள், ஒரு கிழமை, ஒரு மாதம் என்று திரும்பிக் காட்ட வேண்டும். ஊர் திரும்பிய பிறகு உங்களைப் பார்க்க இங்கே ஒரு கண் வைத்தியர் சம்மதித்தால் மட்டும் போங்கள்.

ஹப்புத்தளை: நான் செய்து முடித்துவிட்டேன் அக்கா, என் காசில்தான். பழைய ரிப்போர்ட்டுகளை எறிந்துவிடலாமா?

எறியாதீர்கள்! லேசருக்கு முந்திய பவர், கோர்னியாவின் வளைவு, தடிப்பு எழுதிய தாளைப் பிறப்புச் சான்றிதழோடு வையுங்கள். பிற்காலத்தில் கண்புரை வந்தால் உள்ளே வைக்கும் லென்ஸின் பவரைக் கணக்கிட அது உதவும், லாசிக் செய்த கண்ணில் வழக்கமான கணக்கு பிசகும். கோர்னியா மெலிந்திருப்பதால் கண் அழுத்தமும் உள்ளதைவிடக் குறைவாகக் காட்டும். எந்தக் கண் டொக்டரிடம் போனாலும் "லாசிக் செய்திருக்கிறேன்" என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். பில்லையும் வைத்திருங்கள், வேலை செய்யும் இடத்தில் கண்ணாடிக்கான தொகை மிச்சமிருந்தால் அதற்குரிய காலம் முடியும் முன் ஒரு தடவை கேட்டுப் பார்க்கலாம்.