டெல்டாவில் ஆவணப்படம் எடுப்பவர்களுக்கு: கேள்வி பதில்

தஞ்சை, திருவாரூர், நாகைப் பக்கம் கூலி, நிலம், சாதி பற்றிப் படமெடுத்து வருகிறேன். அது சம்பந்தமாக வந்த கேள்விகள் இவை.

எந்த கேமரா வாங்கலாம்?
கையில் இருக்கும் போனே போதும். காசு இருந்தால் நல்ல மைக் வாங்குங்கள். திறந்த வயலில் காற்று பேச்சைத் தின்றுவிடும்.

கீழ்வெண்மணியை எடுக்க ஆசை. எங்கே தொடங்குவது?
நினைவு நாளில் போகாதீர்கள், அன்று எல்லாக் கேமராவும் அங்கேதான் இருக்கும். 1968 டிசம்பர் 25 இரவு ஒரு குடிசைக்குள் தலித் கூலிக் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் எரிக்கப்பட்டது எல்லோருக்கும் தெரியும். அதற்கு முன்னால் நடந்த கூலிப் போராட்டத்தைக் கேளுங்கள், செங்கொடி எப்படித் தெருவுக்குள் வந்தது என்று கேளுங்கள். அப்புறம் தீர்ப்பைப் படியுங்கள். வசதியான நிலக்காரர்கள் தாங்களே நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்கள் என்று நம்புவது கடினம் என்று சொல்லித்தான் உயர் நீதிமன்றம் அவர்களை விடுதலை செய்தது. அந்த வரியைப் படிக்காமல் யாரையும் பேட்டி எடுக்காதீர்கள்.

பேசுபவருக்குப் பணம் கொடுக்கலாமா?
கொடுங்கள். நடவு நேரத்தில் ஒரு பெண்ணை அரை நாள் உட்கார வைத்தால் அவருடைய அரை நாள் கூலி போகிறது.

காசு வாங்கினால் நாம் விரும்பியதைத்தானே சொல்வார்கள்? (கும்பகோணத்திலிருந்து இருவர்)
கூலி கொடுத்த மிராசுதாரை எதிர்த்துத்தான் இந்த மண்ணில் சங்கம் வளர்ந்தது. பணம் வாங்கியவர் வாயை மூடிக்கொள்வார் என்று நினைப்பது அவரைக் குறைத்து மதிப்பிடுவது. நேரத்துக்குக் கொடுங்கள், சொல்லுக்குக் கொடுக்காதீர்கள். பதிவுக்கு முன்னாலேயே பேசி முடியுங்கள், எல்லோருக்கும் ஒரே தொகை. படத்தின் முடிவில் அதை எழுத்தில் போடுங்கள்.

அப்படியானால் நிலக்காரருக்கும் கொடுப்பீர்களா?
நல்ல கேள்வி. கூலி இழப்பவருக்குத்தான் ஈடு. பேசிய நேரத்தில் நிலக்காரருக்கு எந்த வருமானமும் குறையவில்லையே!

முகத்தை மங்கலாக்கினால் பாதுகாப்புதானே?
இல்லை. குரல் இருக்கிறது, பின்னால் வாசல் தெரிகிறது, கட்டியிருக்கும் மாடு தெரிகிறது. தெருக்காரர்களுக்கு அது போதும். படம் வந்த மறுநாளும் அவர் அதே தெருவில்தான் தண்ணீர் பிடிக்க வேண்டும். எடுக்கும்போது ஒரு சம்மதம், வெட்டிச் சேர்த்ததைப் போட்டுக் காட்டிவிட்டு இன்னொரு சம்மதம். வேண்டாம் என்றால் நீக்கிவிடுங்கள், எவ்வளவு நல்ல காட்சியானாலும்.

அரசு நெல் கொள்முதல் நிலையத்தில் நனைந்த மூட்டைகளை எடுத்தேன். யாரும் கவனிக்கவில்லை.
அதைத் தொலைக்காட்சியே வருஷா வருஷம் காட்டுகிறது. ஈரப்பதக் கருவியோடு நில்லுங்கள். நெல்லை வாங்க வழக்கமான ஈரப்பத வரம்பு 17 சதவீதம். 19 என்று காட்டினால் நெல்லைத் திரும்பக் கொட்டிக் காயவைக்க வேண்டும், மேலே மேகம் கூடிக்கொண்டிருக்கும். அந்த எண்ணைப் பார்க்கும் விவசாயியின் முகத்தில் உங்கள் படம் இருக்கிறது.

ஐபோனா, டிஎஸ்எல்ஆரா?
முதல் பதிலைப் பாருங்கள்.

சென்சார் தேவையா?
பொதுத் திரையிடலுக்கு 1952 திரைப்படச் சட்டப்படி சான்றிதழ் வேண்டும். மற்றதை வக்கீலிடம் கேளுங்கள்.

டிரோன் ஷாட்டுக்கு எந்த மாடல்?
கேமரா கேள்விகளை இத்தோடு நிறுத்திக்கொள்கிறேன். இரண்டாம் சம்மதம் வாங்கினீர்களா?