சட்டக் கேள்வி பதில்: பணிநீக்கம் செய்யப்பட்ட ஆசிரியை மீண்டும் பணியில் சேர முடியுமா?

கேள்வி: அரூர் அருகே ஓர் ஊராட்சி ஒன்றிய நடுநிலைப் பள்ளியில் இடைநிலை ஆசிரியையாக இருந்தேன். முதுகுத்தண்டு அறுவைச் சிகிச்சைக்குப் பின் சேலத்தில் அக்கா வீட்டில் தங்கியதால், ஓராண்டுக்கு மேல் பள்ளிக்குச் செல்ல இயலவில்லை. மருத்துவ விடுப்பு விண்ணப்பம் ஒருமுறைதான் அனுப்பினேன். எனக்கு அனுப்பிய 17(பி) குற்றச்சாட்டு குறிப்பாணை பழைய வாடகை வீட்டு முகவரிக்குச் சென்று திரும்பிவிட்டதாம். நான் இல்லாமலேயே விசாரணை நடத்தி, சென்ற மாதம் பணிநீக்க ஆணை கொடுத்துவிட்டார்கள். தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போகச் சொல்கிறார் உறவினர். எனக்கு வழி உண்டா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி, தருமபுரி மாவட்டம்

பதில்: வழி உண்டு, ஆனால் தொழிலாளர் நீதிமன்றம் அந்த வழியன்று. 2025 வரை நடைமுறையில் இருந்த தொழில் தகராறுச் சட்டம் கூறிய 'தொழிலாளி' என்ற வரையறைக்குள் ஆசிரியர் வரமாட்டார் என்று சுந்தராம்பாள் வழக்கில் 1988-லேயே உச்ச நீதிமன்றம் முடிவு கூறிவிட்டது. அங்கு அலைந்துகொண்டிருந்தால், தமிழ்நாடு குடிமைப் பணி (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகள் துறை மேலதிகாரியிடம் செய்யும் மேல்முறையீட்டுக்குத் தரும் இரண்டு மாதக் கெடு கடந்துவிடும். உங்களுக்கு ஏற்கெனவே ஒரு மாதம் போய்விட்டது.

ஒன்றியப் பள்ளி ஆசிரியர்கள் 1981 முதல் அரசு ஊழியர்கள் என்பதால், அரசமைப்புச் சட்டத்தின் 311-ஆவது பிரிவு உங்களுக்கும் பாதுகாப்பு தருகிறது. குற்றச்சாட்டைத் தெரிவித்து, பதிலளிக்க நியாயமான வாய்ப்புத் தராமல் பொதுவாக எவரையும் நீக்க முடியாது. நியமன அதிகாரியைவிடக் கீழ்நிலையில் உள்ளவர் நீக்க ஆணையில் கையொப்பமிடவும் கூடாது. உங்கள் நியமன ஆணையையும் நீக்க ஆணையையும் அருகருகே வைத்து, கையொப்பமிட்டவர்களின் பதவிகளை முதலில் ஒப்பிட்டுப் பாருங்கள்.

உங்கள் வழக்கின் உயிர்நாடி அந்தத் திரும்பி வந்த தபால் உறைதான். 'ஆள் இல்லை' என்ற குறிப்போடு திரும்பிய குற்றச்சாட்டு குறிப்பாணையை முறைப்படி சார்வு செய்யப்பட்டதாக (உரியவரிடம் சேர்ப்பிக்கப்பட்டதாக) கொள்ள முடியாது என்று தீனாநாத் சாந்தாராம் கரேக்கர் வழக்கில் (1998) உச்ச நீதிமன்றம் கூறியது. எனவே பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டிய தகவல் உரிமை மனுவை இன்றே அனுப்பி, உறையின் இரு பக்கங்களின் நகல், தபால்காரர் எழுதிய குறிப்பு, அலுவலகம் மறுமுறை அனுப்பியதா என்பதற்கான பதிவு, விசாரணை அறிக்கை ஆகியவற்றைக் கேளுங்கள். பதில் வர முப்பது நாள் ஆகலாம் என்பதால், அதற்காகக் காத்திராமல் மேல்முறையீட்டைக் கெடுவுக்குள் விரைவுத் தபாலில் அனுப்பிவிடுங்கள்.

பணிக்கு வராததே குற்றமாகிவிடாது. வேண்டுமென்றே வராமல் இருந்தது நிரூபிக்கப்பட வேண்டும் என்பது கிருஷ்ணகாந்த் பார்மர் வழக்கின் (2012) தீர்ப்பு. அறுவைச் சிகிச்சைக் குறிப்புகளும் மருத்துவமனையின் டிஸ்சார்ஜ் சம்மரியும் இங்கே கைகொடுக்கும். முகவரி மாற்றத்தைத் தலைமையாசிரியருக்கு எழுத்தில் தெரிவிக்காததும், ஒருமுறை மட்டுமே விண்ணப்பித்ததும் உங்களுக்கு எதிராகப் பேசப்படும் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

மேல்முறையீடு தள்ளுபடியானால் அடுத்தது உயர் நீதிமன்றத்தில் 226-ஆவது பிரிவின் கீழ் நீதிப்பேராணை (ரிட்) மனு. உங்கள் மாவட்டத்துக்கு அது சென்னை, மதுரைக் கிளை அல்ல. அங்கே வென்றாலும் மறுநாளே வகுப்பறைக்குள் நுழைந்துவிடலாம் என எண்ண வேண்டாம். நடைமுறைப் பிழைக்காக ஆணை ரத்தாகும்போது, பிழை நேர்ந்த கட்டத்திலிருந்து மீண்டும் விசாரிக்க நீதிமன்றம் பெரும்பாலும் அனுமதிக்கும். அதுவரை தற்காலிகப் பணிநீக்கத்தில் வைத்துப் பிழைப்பூதியம் மட்டும் தருவதும் உண்டு. பின்னூதியத்தை, அதாவது வேலையில் இல்லாத காலத்துக்கான ஊதியத்தைப் பொறுத்தவரை, தீபாலி சுர்வசே என்ற ஆசிரியையின் வழக்கில் (2013) முழு ஊதியமே பொது விதி எனக் கூறப்பட்டது. ஆனால் இடைக்காலத்தில் வேறு வேலையில் வருமானம் இல்லை என்று நீங்கள்தான் முதலில் மனுவில் சொல்ல வேண்டும். தனியார் பள்ளியில் பாடம் எடுத்திருந்தால் மறைக்காதீர்கள்.

பெண் என்ற முறையில், வருமானம் எவ்வளவாயினும் இலவச சட்ட உதவி பெற உங்களுக்கு உரிமை உண்டு. தருமபுரி நீதிமன்ற வளாகத்திலுள்ள மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள்.

கேள்வி: அரசுப் பள்ளி ஆசிரியரான என் கணவரைக் குற்ற வழக்கில் நீதிமன்றம் விடுதலை செய்துவிட்டது. வேலை தானாகத் திரும்புமா?
– வாசகி, ஊத்தங்கரை

பதில்: தானாகத் திரும்பாது. தண்டனைத் தீர்ப்பை மட்டுமே காரணம் காட்டி நீக்கியிருந்தால், அது ரத்தானதும் நீக்க ஆணைக்கு அடிப்படை இல்லாமல் போகும். தீர்ப்பு நகலுடன் உடனே மனுச் செய்யலாம். துறை விசாரணை தனியாக நடந்திருந்தால் நிலைமை வேறு. அதே சாட்சிகள், அதே ஆதாரங்கள் என்று காட்ட முடிந்தால், பால் அந்தோணி வழக்கின் (1999) தீர்ப்பு துணை நிற்கும். நீக்க ஆணையில் என்ன காரணம் எழுதியிருக்கிறது என்று பார்த்து எழுதுங்கள்.