பத்லி நாட்கள் பென்ஷனுக்குச் சேருமா?

பெங்களூரில் பஸ் ஓட்டியும் டிக்கெட் கிழித்தும் ஓய்வுபெற்ற நம் ஆட்கள் கேட்ட கேள்விகள் இவை. டிப்போ அலுவலகத்தில் பி.எஃப். கணக்கு பார்த்தவன் என்ற முறையில் பதில் சொல்கிறேன். பத்லி என்றால் நிரந்தரமாகாமல், ஆள் வராத நாளில் மாற்றாக வேலை பார்ப்பவர். கர்நாடகப் போக்குவரத்துக் கழகங்களில் பென்ஷன் என்றால் இ.பி.எஸ். 95 தான் (பி.எஃப். சார்ந்த 1995-ஆம் ஆண்டுத் தொழிலாளர் ஓய்வூதியத் திட்டம்), அரசு ஊழியர் பென்ஷன் இல்லை.

சார், 1997-ல் பத்லி கண்டக்டர், 2000-ல் நிரந்தரம். கணக்கில் 2000-லிருந்துதான் காட்டுகிறது. மூன்று வருடம் போச்சா?

போகவில்லை. நீங்கள் பத்லியா, நிரந்தரமா என்று இ.பி.எஸ். பார்ப்பதில்லை. சந்தா வந்த காலமும் சேரும், வந்திருக்க வேண்டிய காலமும் சேரும். நிர்வாகம் கட்டாமல் விட்டிருந்தாலும் உரிமை உண்டு என்பது இதிலிருந்துதான் வருகிறது. ஆனால் வேலை செய்ததைக் காட்ட வேண்டுமே! ஒருவர் டிரங்குப் பெட்டியிலிருந்து மடித்து மடித்துக் கிழிந்த பழைய வே-பில் (கண்டக்டரின் டிக்கெட் கணக்குச் சீட்டு) ஒன்றைக் கொண்டுவந்தார். அதை மட்டும் வைத்து எதுவும் நடக்காது. ஆனால் அதிலிருந்த தேதியைப் பிடித்து அந்த மாத மஸ்டர் ரோலை, அதாவது வருகைப் பதிவேட்டைத் தேடினோம், பெயர் இருந்தது. நீங்களும் பழைய சம்பளச் சீட்டு, பி.எஃப். சீட்டு எது கிடைத்தாலும் எடுத்து வையுங்கள். டியூட்டி கிடைக்காமல் டிப்போ வாசலில் காத்துக்கிடந்த சம்பளமில்லாத நாட்கள் மட்டும் கழிந்துவிடும். கொடுமைதான், விதி அப்படி.

அண்ணா, எனக்கு 9 வருடம் 7 மாதம். பென்ஷனுக்கு வேண்டிய பத்து ஆகவில்லை, பணத்தை எடுக்கும் 10-சி படிவம் கொடு என்கிறார்கள்.

கொடுக்காதே தம்பி. ஆறு மாதமோ அதற்கு மேலோ இருந்தால் முழு வருடமாக எடுத்துக்கொள்வார்கள். சம்பளமில்லா நாட்களைக் கழித்த பிறகும் ஒன்பதரை இருக்கிறதா என்று முதலில் பார். இருந்தால் உனக்குப் பத்து வருடம். 10-சி கொடுத்துப் பணத்தை வாங்கிவிட்டால் பென்ஷன் கிடையாது. 58 வயது முடிந்ததும் பென்ஷன் கேட்கும் 10-டி படிவம் கொடு.

60-ல் ரிடையர் ஆனேன். கடைசி இரண்டு வருடத்தை ஏன் விட்டுவிட்டார்கள்?

இ.பி.எஸ். 58-லேயே முடிந்துவிடும். வேலையில் இருந்துகொண்டே அப்போதே பென்ஷன் வாங்கியிருக்கலாம். பலருக்கு இது தெரிவதில்லை.

25 வருட சர்வீஸுக்கு 4,000 கூட வரவில்லையே?

நீங்கள் 1999 செப்டம்பரில் சேர்ந்து 2024 ஆகஸ்டில் 58 முடித்தவர் என்று வைத்துக்கொள்வோம். 2014 ஆகஸ்ட் வரைக்குமான 15 வருடத்துக்குச் சம்பள உச்சவரம்பு 6,500 ரூபாய். பிந்தைய 10 வருடத்துக்கு 15,000. சம்பளத்தை வருடத்தால் பெருக்கி 70-ஆல் வகுத்தால் முதலாவது சுமார் 1,393, இரண்டாவது சுமார் 2,143. இருபது வருடம் தாண்டியதற்கு இரண்டு வருடம் போனஸ் உண்டு, அதைச் சேர்த்தாலும் 4,000-ஐத் தொடாது. கையில் வாங்கிய சம்பளம் எவ்வளவாக இருந்தாலும், உயர் பென்ஷனுக்கு (உச்சவரம்பைத் தாண்டிய சம்பளத்துக்கான பென்ஷன்) விருப்பம் கொடுக்காதவருக்கு இதுதான் கணக்கு.

பென்ஷன் வாங்கிய என் வீட்டுக்காரர் தவறிவிட்டார். எனக்கு என்ன வரும் அண்ணா?

அவர் வாங்கியதில் பாதி வரும்மா. பாதி 1,000-க்குக் குறைந்தால் 1,000 தருவார்கள். இறப்புச் சான்றிதழும் உங்கள் பெயரில் வங்கிக் கணக்கும் வேண்டும்.